ஒற்று மிகும் இடம்

பிப்ரவரி. கயானியில் வெளியே மைனஸ் இருபத்துநான்கு.
அறைக்குள் வந்ததும் ரெய்யோவின் கண்ணாடி வெள்ளையாய்ப் புகைந்தது.
துடைக்காமல் அப்படியே உட்கார்ந்தார்,
இங்கே பார்க்க ஒன்றுமில்லை என்று தெரிந்தவர் போல.
மகன் ஆமோஸ், எட்டு வயது,
கையுறையின் ஒரு விரலைக் கடித்துக்கொண்டிருந்தான்.

ஹெட்போனை மாட்டிவிட்டேன்.
குக என்றால் யார்.
குக்க என்றால் பூ.
கேட்டதும் படத்தைத் தொட வேண்டும், அவ்வளவுதான்.
பத்துக்கு ஐந்து. மறுபடியும் பத்துக்கு ஐந்து.
காசு சுண்டினாலும் இதே மதிப்பெண் வரும்.

எழுத்து கண்ணில் தொடங்குகிறது என்று நினைக்கிறார்கள்.
மஞ்சள் கண்ணாடி, மேசை விளக்கு, கொட்டை எழுத்துப் புத்தகம்,
எல்லாம் வாங்கிக் கொடுத்து அலுத்த பிறகே இங்கு வருகிறார்கள்.
ஒற்று இரட்டிக்கும்போது
ஒலி இரட்டிப்பதில்லை.
வாய் மூடுகிறது. உள்ளே காற்று காத்திருக்கிறது.
அந்தக் காத்திருப்புதான் இரண்டாவது எழுத்து.
காதில் விழாத காத்திருப்பைக்
கை எப்படி எழுதும்?

"காது மந்தமா?"
இல்லை, ஊசி விழுந்தால் திரும்புவான்.
"இதற்கு மாத்திரை உண்டா?"
மாத்திரைதானே இங்கே சிக்கல் என்று சொல்ல வாயெடுத்து
விழுங்கிக்கொண்டேன்.
கண் இமைக்கும் நேரம், விரல் நொடிக்கும் நேரம்,
அதில் பாதி ஒற்றுக்கு.
இவனிடம் தங்காமல் நழுவுவது அந்த அரை மாத்திரை.
எந்த மருந்துக்கடையிலும் கேட்டு வாங்க முடியாதது.

ஆணியில் இன்னொரு ஹெட்போன் தொங்கியது.
அவராகவே எடுத்து மாட்டிக்கொண்டார்.
குக. குக்க. குக்க. குக.
"எல்லாம் ஒன்றுதானே" என்றார்,
முதலில் சிரித்துக்கொண்டு.
பிறகு சிரிக்காமல்.

துலி நெருப்பு. தூலி காற்று. துல்லி சுங்கச்சாவடி.
மூன்றாம் வகுப்பில் ஒரு கட்டுரை எழுதினாராம்:
நேற்று இரவு முழுவதும் ஏரிப்பக்கமிருந்து நெருப்பு வீசியது,
நாங்கள் சுகமாகத் தூங்கினோம்.
டீச்சர் அதை வகுப்புக்கே வாசித்துக் காட்டினாராம்.
அதன்பின் அவர் எழுதியது கையெழுத்து மட்டும்.
பனி தள்ளும் வண்டிக்கு உரிமம் எடுக்க
மனைவி மெர்வி வாசிக்க வாசிக்க, இவர் மனப்பாடம் செய்தார்.
எஞ்சினில் ஒரு வால்வு பிந்தினால் மட்டும்
தூக்கத்தில்கூடத் தெரியுமாம்.

அதற்கு நான் என்ன சொன்னேனோ, நினைவில்லை.
படிவத்தில் அதற்குக் கட்டம் கிடையாது.
பயிற்சித் தாள்கள் கொடுத்தேன்:
நெடிலுக்குக் கையை இழுக்கவும்,
ஒற்றுக்கு விரல்களை மூடிப் பிடித்து, பிறகு திறக்கவும்.
மடித்துச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டார், ஒரு பார்வைகூடப் பார்க்காமல்.
அப்போதுதான் எனக்கு உறைத்தது.
இருபது வருடமாக
வாசிக்க முடியாதவர்களுக்குத் தாள் கொடுத்து அனுப்பிக்கொண்டிருக்கிறேன்.
திரும்ப வாங்கி, அவர் போனில் என் குரலில் பதிந்து கொடுத்தேன்.

மார்ச்சில் ஒரு சனிக்கிழமை.
விடியுமுன் எங்கள் தெருவில் வண்டி போன சத்தம்.
பஸ்ஸுக்கு நடக்கையில் பார்க்கிறேன்:
சுரண்டிய கறுப்புச் சாலைக்குக் குறுக்கே ஒரு பனிவரப்பு.
பத்தடி தள்ளி இன்னொன்று.
பிறகு இடைவெளியே இல்லாமல் வெறும் சாலை.
மறுபடி வரப்பு.
பலகையைத் தூக்கி, பிடித்து வைத்து, இறக்கியிருக்கிறார்.
பக்கத்து இருக்கையில் ஒருவன்
வாயை மூடிக் காத்திருந்திருப்பான்.

பூ. பூ. யார். பூ.
காலால் வாசித்துக்கொண்டே போனேன்.
தபால் நிலையத்துக்கு எதிரே ஒரு வரப்பு
பாதியில் எழுந்து பாதியில் படுத்திருந்தது,
பூவும் இல்லை, யாரும் இல்லை.

தெருவில் யாரோ நகராட்சிக்குப் புகார் எழுதியிருக்கிறார்கள்.
நான் எழுதவில்லை.
பூட்ஸுக்குள் பனி இறங்கி காலுறை நனைந்துவிட்டது,
பஸ்ஸையும் விட்டேன்.